தாழ்ப்பாளின் பெயர்

திங்கட்கிழமை மூன்றாம் பாடவேளையில், பேர்லின் நகரின் நொய்கெல்ன் பகுதியில், ஒரு பள்ளிக்கூட மண்டபத்தில் இருந்தவர்கள்:

ஒசிரிஸ், செத்தவர்களின் அரசன். அது யானிக். முகம் முழுக்கப் பச்சை மை.

அனுபிஸ், நரித்தலைக் கடவுள். அது எமினே. அட்டை மூக்கு. தும்மினால் கழன்று விழும்.

தோட், எழுத்துக் கடவுள். அது கரீம். வளைந்த அலகு. அந்த அலகோடு அவனால் தண்ணீர் குடிக்க முடியாது.

ரா, சூரியக் கடவுள். ஆள் கிடைக்கவில்லை. திரைச்சீலையில் மஞ்சள் வட்டம் ஒன்று.

தாழ்ப்பாள். அது சிவானுஜா.

ஃபிராவ் பெக்கர், அதாவது திருமதி பெக்கர், நான்காம் வகுப்பு பி பிரிவின் ஆசிரியை. கையில் ஆவி பறக்கும் கோப்பி, வாயில் பெருமூச்சு.

கடைசியாக, சுவரோரம் சூடாக்கியை ஒட்டி நின்ற ஒரு புதுப் பிள்ளை. பெயர் மதுமதி. அவள் பேசியது அங்கே ஒருவருக்கும் விளங்கவில்லை.

தாழ்ப்பாள் எப்படி ஒரு பாத்திரமாகும் என்று கேட்காதீர்கள். சிவானுஜாவும் அதைத்தான் கேட்டாள்.

"பழைய எகிப்தில் ஒருவர் செத்துப்போனால் ஒசிரிஸின் மண்டபத்துக்குப் போகவேண்டும்," என்றார் ஃபிராவ் பெக்கர். "அந்தக் கதவு சும்மா திறக்காது. வாசற்படி பேசும். கதவு பேசும். தாழ்ப்பாளும் பேசும். 'என் பெயரைச் சொல், இல்லாவிட்டால் விடமாட்டேன்' என்று சொல்லும். பெயர் தெரிந்தவருக்குத்தான் வழி."

"தாழ்ப்பாளின் பெயர் என்ன?"

ஃபிராவ் பெக்கர் புத்தகத்தைப் பார்த்தார். "அவன் தாயின் கால்விரல்."

மண்டபமே சிரித்தது. தாழ்ப்பாள் சிரிக்கவில்லை.

"ஏன் கால்விரல்?"

"எனக்குத் தெரியாது, சிவா. புத்தகத்தில் அப்படித்தான் இருக்கிறது." ஃபிராவ் பெக்கர் சூடாக்கிப் பக்கம் திரும்பினார். "சரி, செத்தவராக நடிக்க ஆள் வேண்டும். மதுமதி நடிப்பாளா? சிவா, நீ தமிழ்தானே பேசுவாய்? அவளும் தமிழ்தான். கோயம்புத்தூரிலிருந்து வந்து இரண்டு வாரம்தான் ஆகிறது. நீ மொழிபெயர்ப்பாயா?"

சிவானுஜாவின் அப்பா அம்மா யாழ்ப்பாணத்துக்காரர். வீட்டில் காலையிலிருந்து படுக்கும்வரை தமிழ்தான். இதில் என்ன கஷ்டம்?

"எனக்குத் தமிழ் தண்ணிபட்ட பாடு," என்றாள் ஜெர்மனில். வகுப்பு கைதட்டியது. கைதட்டல் அவளுக்கு மிகவும் பிடித்திருந்தது. தொல்லை அங்கேதான் தொடங்கியது.

சிவானுஜா மதுமதியிடம் போனாள். புது ஆட்களோடு 'நீ' என்று பேசக்கூடாது, 'நீர்' என்று மரியாதையாகப் பேசவேண்டும் என்பது அவளுடைய அம்மாவின் கட்டளை.

"நீர் எங்கயிருந்து வாறீர்?"

மதுமதி விழித்தாள். மேலே பார்த்தாள், கீழே பார்த்தாள். பிறகு மூலையில் இருந்த கைகழுவும் தொட்டியைக் காட்டினாள்.

"நீரா? குழாய்லேர்ந்து."

"என்ன சொல்கிறாள்?" என்று ஃபிராவ் பெக்கர் கேட்டார்.

"கோயம்புத்தூருக்குக் கிட்ட, குழாய் எண்ட ஊரிலயிருந்து வந்தவளாம்."

ஃபிராவ் பெக்கர் அந்த ஊரைத் தன் கைப்பேசி வரைபடத்தில் வெகுநேரம் தேடினார்.

இப்போது மதுமதி கேட்டாள். "நீ தமிழ்ப் பொண்ணா?"

"ஓம்," என்றாள் சிவானுஜா.

மதுமதி உடனே கண்களை மூடினாள். இரண்டு கைகளையும் கூப்பினாள். அப்படியே நின்றாள். சிவானுஜா காத்திருந்தாள். மதுமதியும் காத்திருந்தாள், மிச்ச மந்திரம் வரும் என்று.

யாழ்ப்பாணத்தில் 'ஓம்' என்றால் 'ஆமாம்' என்று அவளுக்கு யாரும் சொல்லவில்லை.

"அவளுக்கு எல்லாம் விளங்குகிறதா?" என்றார் ஃபிராவ் பெக்கர்.

"எல்லாம் விளங்குது," என்றாள் சிவானுஜா. அவளுக்கே ஒன்றும் விளங்கவில்லை.

அன்று பின்னேரம் வீட்டில் சிவானுஜா புத்தகப்பையைக் கழற்றியபடியே சொன்னாள்.

"அம்மா, கரீம் தோட்."

அம்மா லலிதாவின் கையிலிருந்த அகப்பை கீழே விழுந்தது. ஜெர்மனில் 'தோட்' என்ற ஒலிக்குச் 'செத்துப்போனது' என்று பொருள்.

"ஐயோ! அந்தப் பிள்ளைக்கு என்ன நடந்தது?"

"ஒண்டும் நடக்கேல்லை. அவன் தோட் எண்ட கடவுள். அலகு வைச்சிருக்கிறான்."

"உயிரோட இருக்கிறானோ?"

"ஓம் அம்மா. தண்ணிதான் குடிக்க ஏலாது."

அம்மா அகப்பையை எடுத்துக் கழுவினாள். சிவானுஜா கொஞ்சம் தயங்கிவிட்டுக் கேட்டாள்.

"இந்தியத் தமிழ் வேறையோ அம்மா?"

"தமிழ் தமிழ்தான். கையைக் கழுவிப்போட்டுச் சாப்பிடு."

அதற்குமேல் கேட்க சிவானுஜாவுக்கு வெட்கமாக இருந்தது. தண்ணிபட்ட பாடு என்று சொன்னவள் அல்லவா?

செவ்வாய்க்கிழமை ஒத்திகை. ஃபிராவ் பெக்கர் சொன்னார்: "கதவின் முன்னால் வந்ததும் அவள் பேசவேண்டும் என்று சொல்."

"கதவடியில வந்து நீர் கதைக்க வேணும்," என்றாள் சிவானுஜா.

மதுமதி பலமாகத் தலையாட்டினாள். கதவடிக்கு வந்தாள். தொண்டையைச் செருமினாள். "ஒரு ஊர்ல ஒரு ஸ்கூல் பஸ் இருந்துச்சு. அந்த பஸ்ல தினமும் ஒரு குரங்கு ஏறும்…" என்று தொடங்கி, நிறுத்தாமல் சொல்லிக்கொண்டே போனாள். குரங்குக்கு டிரைவர் டிக்கெட் கொடுத்தார். குரங்கு டிக்கெட்டைத் தின்றது. மதுமதி குரங்குபோலச் சொறிந்தும் காட்டினாள்.

கதைக்கவேண்டும் என்றால் கதை சொல்லவேண்டும் என்றுதான் அவள் நினைத்தாள்.

ஒசிரிஸ் கொட்டாவி விட்டான். ஃபிராவ் பெக்கர் கடிகாரத்தைப் பார்த்தார்.

"சிவா, என்ன சொல்கிறாள்?"

சிவானுஜாவுக்குப் பாதி விளங்கியது. 'குரங்கு' விளங்கியது. குரங்கு ஏன் வந்தது என்பதுதான் விளங்கவில்லை.

"கடவுள்களைப் புகழ்ந்து பாடுறாளாம்," என்றாள்.

"சொறிந்துகொண்டா?"

"ஓம். அது… பழைய முறை."

ஃபிராவ் பெக்கர் சிவானுஜாவை ஒரு ஓரத்துக்குக் கூட்டிப்போனார். "வெள்ளிக்கிழமை நாடகம் பார்க்கத் தலைமை ஆசிரியை வருகிறார். மதுமதி எங்களோடு இருப்பதா, முற்றத்துக்கு அந்தப்பக்கக் கட்டடத்தில் வரவேற்பு வகுப்புக்குப் போவதா என்று அவர்தான் முடிவெடுப்பார். நீ ஒவ்வொரு சொல்லையும் மொழிபெயர்க்கிறாய். அப்படியிருந்தும் பிள்ளைக்குப் பிடிபடவில்லை என்றால், நான் என்ன செய்வது?"

வரவேற்பு வகுப்பு கெட்ட இடம் அல்ல. ஜெர்மன் தெரியாத பிள்ளைகளுக்கு அங்கே நன்றாகவே சொல்லிக்கொடுப்பார்கள். ஆனால் ஜெர்மன் தெரியாததால் அங்கே போவது வேறு. சிவானுஜா வாய்க்கு வந்ததைச் சொன்னதால் போவது வேறு. இது சிவானுஜாவுக்குத் தெரிந்தது.  ஆனாலும் வாயைத் திறக்கவில்லை.

புதன்கிழமை ஒரே ஒரு நல்ல காரியம் நடந்தது. திரைச்சீலையில் இருந்த மஞ்சள் வட்டத்துக்குக் கீழே பெரிய எழுத்தில் 'ரா' என்று ஜெர்மனில் எழுதியிருந்தது. மதுமதி அதை எழுத்துக்கூட்டிப் படித்தாள்.

"ரா? ரான்னா நைட்டுதானே?"

"ஓம், இரவு," என்றாள் சிவானுஜா.

"சூரியனுக்குப் பேரு ராத்திரியா?"

இரண்டுபேரும் ஒருவரையொருவர் பார்த்தார்கள். ஒரே நேரத்தில் சிரிப்பு வெடித்தது. வயிறு நோகும்வரை சிரித்தார்கள். என்ன விஷயம் என்று எமினே கேட்டாள். அதை ஜெர்மனில் சொல்லிப் புரியவைக்க முடியவில்லை. அதற்கும் சேர்த்துச் சிரித்தார்கள்.

வியாழக்கிழமை ஃபிராவ் பெக்கர் மதுமதிக்கு ஒரு பொறுப்புக் கொடுத்தார். நாடகச் சாமான் வைத்திருக்கும் சின்ன அறையைப் பூட்டி, அதன் சாவியை அவள் உள்ளங்கையில் வைத்து விரல்களை மடக்கிவிட்டார். அதற்கு மொழிபெயர்ப்புத் தேவைப்படவில்லை. சிவானுஜா அப்போது வாளிக்குள் தூரிகை கழுவிக்கொண்டிருந்தாள். எதையும் பார்க்கவில்லை.

மதுமதி அவளிடம் ஓடிவந்து பெருமையாகச் சொன்னாள். "சாவி என்கிட்டதான் இருக்கு!"

சிவானுஜா திடுக்கிட்டாள். சாவி என்ற சொல்லை அவள் கேள்விப்பட்டதே இல்லை. 'சாவு' தெரியும்.

"என்ன சொல்கிறாள்?" என்றான் கரீம்.

"சாவு தன்னட்டத்தான் இருக்குதாம்."

கரீம் அலகைத் தடவினான். "அடேயப்பா. இவள் நல்லாத்தான் நடிக்கிறாள்."

வெள்ளிக்கிழமை மூன்று மணி. மண்டபம் நிறைந்துவிட்டது. மூன்றாவது வரிசையில் அம்மா லலிதா. அவளுக்குப் பக்கத்தில் மதுமதியின் அம்மா சுகன்யாதேவி. முன்வரிசையில் தலைமை ஆசிரியை ஃபிராவ் எங்கல். நரைத்த தலை, சிரிக்காத வாய், மடியில் ஒரு குறிப்புப் புத்தகம்.

திரைக்குப் பின்னால் ஃபிராவ் பெக்கர் கத்தினார். "தராசு எங்கே? இறகு எங்கே?"

செத்தவரின் இதயத்தை ஒரு தட்டிலும் உண்மையின் இறகை மற்றத் தட்டிலும் வைத்து நிறுப்பதுதான் நாடகத்தின் முக்கியமான கட்டம். தராசும் இறகும் சாமான் அறைக்குள் இருந்தன. அறை பூட்டியிருந்தது.

"ஷ்லூஸல்! சிவா, ஷ்லூஸல் எங்கே என்று அவளிடம் கேள்!"

ஷ்லூஸல் என்றால் ஜெர்மனில் சாவி; சிவானுஜாவின் வீட்டில் அதற்குப் பெயர் திறப்பு. யாழ்ப்பாணத்து வீடுகளில் எல்லாம் அப்படித்தான்.

"மதுமதி, திறப்பு எங்க?"

மதுமதி கழுத்திலிருந்து கால்வரை வெள்ளைத் துணியால் சுற்றப்பட்டு நின்றாள். "திறப்பா? ஸ்டேஜ்லதான்!" என்றாள்.

"மேடையிலையாம்!"

எகிப்தின் கடவுள்கள் எல்லோரும் மேடையில் முழங்காலில் விழுந்தார்கள். ஒசிரிஸ் சிம்மாசனத்துக்குக் கீழே தேடினான். அனுபிஸ் மூக்கைக் கையில் பிடித்துக்கொண்டு திரைக்குப் பின்னால் தேடினாள். தோட்டின் அலகு பலகை இடுக்கில் மாட்டிக்கொண்டது.

"இல்லை! மேடையில் எங்கே என்று கேள்!"

"மேடையில எவடத்தை?"

"எவ… என்னது?" மதுமதிக்குக் கண் கலங்கத் தொடங்கியது. "நடுவுல! நடுவுலதான் திறப்பாங்க!"

"நடுவிலையாம்."

நடுவில் ஒன்றும் இல்லை. ஃபிராவ் பெக்கர் திரையின் இடைவெளியால் தலையை நீட்டி முன்வரிசையிடம் தாழ்ந்த குரலில் சொன்னது சிவானுஜாவின் காதில் விழுந்தது. "பாருங்கள், சொல்லுக்குச் சொல் மொழிபெயர்க்கிறோம். ஒன்றும் ஏறவில்லை. திங்கட்கிழமையே அந்தக் கட்டடத்துக்கு அனுப்புவதுதான் பிள்ளைக்கும் நல்லது."

ஃபிராவ் எங்கல் குறிப்புப் புத்தகத்தில் ஏதோ எழுதினார்.

சிவானுஜா மதுமதிக்கு முன்னால் போய் நின்றாள். இந்த முறை ஒரு சொல்லும் சொல்லவில்லை. வலது கையை நீட்டினாள். இரண்டு விரல்களை ஒன்றாகச் சேர்த்தாள். காற்றில் ஒரு பூட்டைத் திறந்தாள். கிளிக்.

மதுமதியின் வாய் பிளந்தது.

"சாவியா? சாவி வேணும்னு கேக்க வேண்டியதுதானே! நான் திறப்பு விழான்னு நெனச்சேன்!"

துணிச் சுற்றுக்குள் கையை விட்டுச் சாவியை எடுத்தாள். முழு நேரமும் அது அவள் இடுப்பில்தான் இருந்தது.

சிவானுஜா சாவியைப் பார்த்தாள். திறப்பு. சாவி. அப்படியென்றால் நேற்று… அவளுக்கு முகம் சுட்டது. ஆனால் யோசிக்க நேரமில்லை. ஃபிராவ் பெக்கர் சாவியைப் பறித்துக்கொண்டு ஓடி, தராசையும் இறகையும் எடுத்துவந்தார். மணி அடித்தது. திரை விலகியது.

தாழ்ப்பாள் என்பது கனமான ஒரு அட்டைப் பெட்டி. மேலே சிவானுஜாவின் தலையும் ஒரு கையும், கீழே அவள் கால்களும் மட்டும் வெளியே தெரியும். அவள் பின்னால் கதவு. கதவுக்குப் பின்னால் கடவுள்கள்.

மதுமதி மெல்ல நடந்து வந்தாள். வாசற்படியின் பெயரைச் சொன்னாள். சரி. கதவின் பெயரைச் சொன்னாள். அதுவும் சரி. மூன்று பெயர்களையும் இரவு முழுக்கப் பாடமாக்கியிருந்தாள்.

"நான் தாழ்ப்பாள்," என்றாள் சிவானுஜா ஜெர்மனில். "என் பெயரைச் சொல். இல்லாவிட்டால் விடமாட்டேன்."

மதுமதி வாயைத் திறந்தாள். ஒன்றும் வரவில்லை.

 முன்வரிசையில் பேனா மூடி திறக்கும் சத்தம் கேட்டது.

சொல்லிக்கொடுக்கலாமா? தமிழில் சொன்னால் இன்னொரு குழப்பம் வரும். ஜெர்மனில் சொன்னால் எல்லோருக்கும் கேட்கும். சிவானுஜா ஒரு காலால் மற்றக் காலின் சப்பாத்தைத் தள்ளிக் கழற்றினாள். காலுறையையும் உரித்தாள். பெட்டிக்குக் கீழே வெறுங்காலைத் தூக்கிப் பெருவிரலை ஆட்டினாள்.

மதுமதி குனிந்து பார்த்தாள். முகம் மலர்ந்தது. "ட்ஸேயே!" என்றாள். கால்விரல்!

யாருடைய கால்விரல்? சிவானுஜா வெளியே இருந்த கையால் மூன்றாவது வரிசையைக் காட்டினாள். அம்மா லலிதாவை.

எல்லோரும் திரும்பி அம்மாவைப் பார்த்தார்கள். அம்மா பதறிப்போய்த் தன் காலுக்குக் கீழே என்ன ஒட்டியிருக்கிறது என்று பார்த்தாள்.

"ட்ஸேயே…" மதுமதி மூச்சை இழுத்தாள். "ட்ஸேயே டைனர் முட்டர்!"

 பிள்ளைகள் எல்லோரும் ஒரே குரலில், "ஊஊஊ!" என்றார்கள்.

புத்தகத்தில் இருந்தது 'ஸைனர் முட்டர்', அவன் தாய். மதுமதி சொன்னது 'டைனர் முட்டர்', உன் தாய். நொய்கெல்ன் பள்ளிக்கூட முற்றத்தில் யாரையாவது பார்த்து 'உன் அம்மா' என்று தொடங்கினால் அது சண்டைக்கு அழைப்பு. சிரித்த சிரிப்பில் அனுபிஸின் மூக்கு கழன்று உருண்டது. செத்தவர்களின் அரசன் சிம்மாசனத்திலிருந்து விழுந்தான். ஃபிராவ் பெக்கர் இரண்டு கைகளாலும் முகத்தை மூடிக்கொண்டார்.

மதுமதிக்கு ஏன் சிரிக்கிறார்கள் என்று விளங்கவில்லை. அவள் தாழ்ப்பாளை மட்டும் பார்த்துக்கொண்டு நின்றாள்.

சிவானுஜா யோசித்தாள். நான் காட்டியது என் அம்மாவை. அவள் சொன்னதும் என் அம்மாவை. அப்படியென்றால் அவள் சொன்னது சரி.

"அதுதான் என் பெயர்," என்று சத்தமாகச் சொன்னாள். "உள்ளே போ."

கதவைத் திறந்துவிட்டாள்.

நாடகம் முடிந்ததும் ஃபிராவ் எங்கல் திரைக்குப் பின்னால் வந்தார். "அந்த வசனத்தை இந்தப் பிள்ளைக்கு யார் சொல்லிக்கொடுத்தது?"

"நான்," என்றாள் சிவானுஜா. இன்னும் பெட்டிக்குள்தான் இருந்தாள். ஒரு காலில் சப்பாத்து இல்லை. "சாவி கிடைக்காததும் என்னாலதான். அவள் பிழையாச் சொல்லேல்லை, நான்தான் பிழையாக் கேட்டனான். அவள் கடவுள்களைப் புகழவும் இல்லை. அது குரங்கு. குழாய் எண்டு ஒரு ஊரும் இல்லை எண்டு நினைக்கிறன்."

"எத்தனை நாளாக இப்படி?"

"திங்களிலிருந்து."

"ஏன் சொல்லவில்லை?"

"தமிழ் நல்லாத் தெரியும் என்று சொல்லிவிட்டேன். எல்லோரும் கைதட்டினார்கள்."

 ஃபிராவ் எங்கல் சிவானுஜாவை உற்றுப் பார்த்தார்.

"தமிழ் தெரியாதா உனக்கு?"

"தெரியும். அவளுக்கும் தெரியும். ஆனால் ரெண்டும் வேற வேறயாய் இருக்குது."

"நான் பவேரியாக்காரி," என்றார் ஃபிராவ் எங்கல். "எங்கள் ஊர் ஜெர்மனே வேறு. இங்கே வந்த முதல் மாதம் பேக்கரியில் விரலால் காட்டித்தான் பாண் வாங்கினேன்." அவர் அப்போதும் சிரிக்கவில்லை. குறிப்புப் புத்தகத்தில் எழுதியதை நீளமாக ஒரு கோடு போட்டு வெட்டினார். "மதுமதியின் பெற்றோரோடு பேசவேண்டும். திங்கட்கிழமை தெரியும்."

அவர் போனதும் சிவானுஜா பெட்டியிலிருந்து வெளியே வந்தாள்.

"மதுமதி, நான் உம்மைப் பேய்க்காட்டிப்போட்டன்."

"பேயா?" மதுமதி துள்ளித் திரும்பிப் பார்த்தாள். "எங்க?"

"பேய் இல்லை. நான் பொய் சொன்னனான். நீர் கதைச்சது எனக்கு விளங்கேல்லை. விளங்கின மாதிரி நடிச்சனான்."

மதுமதி இதை மெல்ல மெல்ல மென்று விழுங்கினாள். "ஓ. எனக்கும் ஒண்ணும் புரியல. நான் சும்மா தலையாட்டினேன்."

"எல்லாத்துக்குமோ?"

"எல்லாத்துக்கும்."

திங்கட்கிழமை காலை எட்டு மணிக்கு இன்னும் இரண்டு நிமிடம். பள்ளிக்கூடக் கட்டடத்தைப் பார்த்துக்கொள்ளும் ஹவுஸ்மைஸ்டர் கதவடியில் நின்றார். எட்டு மணிக்குப் பிறகு அவர் யாரையும் விடமாட்டார். மணியை அழுத்திக் காரணம் சொல்லவேண்டும். அதில் அவருக்கு ஒரு சந்தோஷம்.

"உள்ளே போ, பிள்ளை," என்றார் சிவானுஜாவிடம்.

"ஒரு நிமிஷம்."

முற்றத்துக்கு அந்தப்பக்கம் வரவேற்பு வகுப்பின் மஞ்சள் கட்டடம். பிள்ளைகள் ஒவ்வொருவராக அதற்குள் போய்க்கொண்டிருந்தார்கள். வாசல்கேட்டில் சுகன்யாதேவி தெரிந்தாள். மதுமதி கேட்டுக்குள்ளால் ஓடிவந்து முற்றத்தின் நடுவில் நின்றாள். கையில் ஒரு கடிதம். கடிதத்தைப் பார்த்தாள். மஞ்சள் கட்டடத்தைப் பார்த்தாள். மறுபடி கடிதத்தைப் பார்த்தாள். எந்தப் பக்கம் என்று அவளுக்கே குழப்பமாக இருந்தது.

பிறகு இந்தப்பக்கம் திரும்பி ஓடத் தொடங்கினாள். புத்தகப்பை முதுகில் குதித்தது. மூச்சுவாங்க ஹவுஸ்மைஸ்டரின் கைக்குக் கீழால் நுழைந்து, கடிதத்தைச் சிவானுஜாவின் முகத்துக்கு நேரே நீட்டினாள்.

"நாலு பி-ன்னுதானே போட்டிருக்கு? கரெக்டாப் படி!"

சிவானுஜா ஒவ்வொரு எழுத்தாக, ஒன்றையும் கூட்டாமல் குறைக்காமல் படித்தாள்.

"ஓம்," என்றாள். "நாலு பி."

எட்டு மணி அடித்தது. ஹவுஸ்மைஸ்டர் மதுமதிக்குப் பின்னால் கதவை அடித்துச் சாத்தி, இரண்டு தரம் பூட்டினார்.